பாலக்காரரின் கடைசிப் பேச்சு

டுலூத், மின்னசோட்டா
9 செப்டம்பர் 1996

அன்புள்ள லோர்னா,

சிக்னியின் முழங்கால் தவிர இங்கே எல்லாம் சுகம். ஏரிக் காற்று போன வாரமே குளிர ஆரம்பித்துவிட்டது. தோட்டத்துத் தக்காளி பழுக்காமலே நிற்கிறது. சிக்னி அதைக் காயாகவே பறித்து வறுத்துப் போடுகிறாள், கட்டிக்கொண்ட பாவத்துக்கு நானும் தின்கிறேன்.

உன் நீதிமன்றத் தொடரைச் செவ்வாய்க்கிழமை தவறாமல் பார்க்கிறோம். எழுத்து: லோர்னா காங்காஸ் என்று வந்ததும் சிக்னி கைதட்டுகிறாள். அதற்குப் பிறகு வருவதைப் பற்றி நான் வாய் திறக்கப் போவதில்லை. பழைய சிநேகிதம் கெடக்கூடாது பார்.

விஷயத்துக்கு வருகிறேன். பிப்ரவரியில் உன் 'பாலக்காரர்' நாடகத்தை மறுபடி போடுகிறோம். நம் மீன் கொட்டகை அரங்குக்கு இது இருபத்தைந்தாவது வருஷம். முதலில் போட்ட நாடகத்தைத்தான் போட வேண்டும் என்று குழுவில் எல்லாரும் ஒரே பிடியாக நின்றார்கள். கப்பலுக்குப் பாலம் தூக்குகிற பாலக்காரர் ஐனாராக நான்தான். அன்றைக்கு முப்பத்தாறு வயதில் தலையில் மாவைக் கொட்டிக்கொண்டு நடித்தேன். இன்றைக்கு மாவுச் செலவு மிச்சம்.

ஒரு சின்ன வேண்டுகோள். மூன்றாம் அங்கத்தில் ஐனார் சமையலறையில் உட்கார்ந்து மகளிடம் பேசுகிற நீளமான பேச்சு இருக்கிறதே, அதைப் பாதியாகக் குறைத்துக்கொள்ளலாமா? நம் பார்வையாளர்களுக்கும் நம்மோடு சேர்ந்து வயதாகிவிட்டது. ஒரே ஆள் பத்து நிமிஷம் பேசினால் கண்ணெல்லாம் கழிவறைப் பக்கம் போய்விடுகிறது.

சரி என்று ஒரு வரி எழுதிவிடு.

உன்,
ஆர்வில் ப்ரெக்கே


பர்பேங்க், கலிபோர்னியா
22 செப்டம்பர் 1996

அன்புள்ள ஆர்வில்,

உன் கடிதத்தைக் காரிலேயே பிரித்துப் படித்தேன். பின்னால் நின்றவன் ஹாரன் அடித்த பிறகுதான் பச்சை விளக்கைப் பார்த்தேன். ஐனாராக நீ! அந்த மாவு தும்மலில் பறந்து மகளாக நடித்தவளின் காப்பியில் விழுந்தது நினைவிருக்கிறதா? அவள் அதைக் குடித்தும் தொலைத்தாள்.

நீ சொல்லாமல் விட்டதை நானே சொல்கிறேன். இங்கே ஒன்பது பேரோடு ஒரு மேஜையைச் சுற்றி உட்கார்ந்து எழுதுகிறேன். எல்லாருக்கும் என் மகள் வயது. போன மாதம் நான் எழுதிக்கொடுத்த பகுதி அவர்கள் கை எல்லாம் பட்டுத் திரும்பி வந்தபோது, அதில் என்னுடையது என்று மிஞ்சியிருந்தது "உட்காருங்க" என்ற ஒரு சொல். பெயர் மட்டும் முழுசாக என்னுடையது. எங்கள் தலைமை எழுத்தாளன் ட்ரென்ட் சொல்கிறான்: "லோர்னா, ஜனங்க துணி மடிச்சுக்கிட்டே டிவி பாக்குறாங்க. நீ பாட்டுக்கு நடுவுல ஒரு மௌனம் வெச்சா, பெட்டி ரிப்பேர்னு எழுந்து வந்து தட்டுவாங்க." அவன் சொல்வது சரிதான், அதுதான் எரிச்சல்.

ஒன்று மட்டும் பெருமையாகச் சொல்லிக்கொள்கிறேன். அரசு வக்கீலாக நடிக்கிற பெண்ணுக்கு இப்போது ஆறு மாதம். கதையில் அவளுக்குப் புருஷனே கிடையாது. கோட்டு, கோப்புக் கட்டு, தொட்டிச் செடி என்று எல்லாவற்றுக்கும் பின்னால் அவளை நிறுத்திப் பார்த்தார்கள். நான்தான் சொன்னேன்: "அவளை நீதிபதியாக்கிடுங்கப்பா. அந்த மேஜைக்குப் பின்னால ரெட்டைப் பிள்ளையே இருந்தாலும் தெரியாது." மறுநாளே பதவி உயர்வு. வயிறு மறைந்தது, கதைக்கும் ஒரு திருப்பம் கிடைத்தது. முப்பது வருஷம் எழுதி நான் கண்ட பலன் இது.

இதையெல்லாம் ஏன் சொல்கிறேன் என்றால், நாடகத்தில் மட்டும்தான் என்னைக் கேட்காமல் யாரும் ஒரு காற்புள்ளியைக்கூடத் தொட முடியாது. ஒப்பந்தத்திலேயே இருக்கிறது. இந்த ஊரில் எனக்குச் சம்பளம் உண்டு, எலுமிச்சை மரம் உண்டு. என் சொல் எனக்குச் சொந்தம் என்பது உன் கொட்டகையில் மட்டும்தான். பேச்சை வெட்டினால் அதன் கடைசி வரி எப்படி நிற்கும்? வாழ்நாளெல்லாம் கப்பலுக்கு வழிவிட்டுப் பாலத்தைத் தூக்கினவன், ஊரைவிட்டுப் போகிற மகளிடம், "பாலத்தை இறக்கிட்டேன். நீ போ" என்கிறான். அந்த ஒரு வரியைச் சொல்லத் துணிவு வேண்டித்தான் அவன் அத்தனை நேரம் பேசுகிறான்.

ஆகவே, வெட்டாதே. சிக்னியின் முழங்காலுக்கு என் அன்பு.

என்றும்,
லோர்னா


டுலூத்
30 அக்டோபர் 1996

அன்புள்ள லோர்னா,

உன் கடிதம் வந்து ஒரு மாதமாகிறது. பதில் எழுத உட்கார்ந்தால் கோபம் வருகிறது, கோபத்தோடு எழுதக்கூடாது என்று சிக்னி பேனாவைப் பிடுங்கிக்கொள்கிறாள். இன்றைக்கு அவள் தேவாலயத்தில் பழைய துணி விற்கப் போயிருக்கிறாள்.

ஒத்திகை தொடங்கிவிட்டது. பேச்சைப் பாதியாக வெட்டித்தான் நடத்துகிறேன். கேட்டவர்களில் ஒருவர்கூட எதுவும் குறைவதாகச் சொல்லவில்லை. ஒன்பது பேர் உன் வசனத்தைக் கொத்துக்கறி போடுகிறார்கள், நீ சம்பளம் வாங்கிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாய். இருபத்தைந்து வருஷத்து நண்பன் இரண்டு பக்கத்தை மடித்தால் மட்டும் குடி முழுகிவிடுமா? நியூயார்க்கில் ஒருத்தனும் சீண்டாத நாடகத்தை மீன் வாடை அடிக்கிற கொட்டகையில் போட்டது யார் என்பதையும் உன் எலுமிச்சை மரத்தடியில் உட்கார்ந்து கொஞ்சம் யோசித்துப் பார்.

இதைச் சொல்லாமல் செய்திருக்கலாம். சொல்லிவிட்டுச் செய்கிறேன், அந்த மரியாதையாவது இருக்கட்டும்.

ஆர்வில்


பர்பேங்க்
8 நவம்பர் 1996

திரு. ஆர்வில் ப்ரெக்கே அவர்களுக்கு,

தங்கள் கடிதம் கிடைத்தது. கொத்துக்கறி என்று தாங்கள் சொன்னது உண்மை. அதனால்தான் மிச்சமிருக்கிற ஒரு துண்டையாவது முழுசாக வைத்துக்கொள்ளப் பார்க்கிறேன்.

ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம். இங்கே ஒரு நடிகர், பார்வையாளர்களின் சிறுநீர்ப்பையைக் காரணம் காட்டுகிறார். நாடகத்தை எழுதியபடியே நடத்துவதாக இந்த மாத இறுதிக்குள் எழுத்தில் தர வேண்டும். இல்லையென்றால் நாடகம் போடும் அனுமதியைத் திரும்பப் பெறுவதாக என் ஏஜென்ட் தங்களுக்கு எழுதுவார். அவர் எழுதுகிற கடிதம் இதைவிட மரியாதையாக இருக்கும்.

லோர்னா காங்காஸ்


டுலூத்
20 நவம்பர் 1996

லோர்னா,

கூடம் நேராகத்தான் இருக்கிறது. எனக்குத்தான் ஆட வரவில்லை.

வசனம் மனதில் நிற்கவில்லை. வீட்டில் பாத்திரம் கழுவும்போது வருகிறது, மேடையில் விளக்கைப் போட்டால் போய்விடுகிறது. வசந்தத்தில் சின்ன விஷயங்களாகத் தொடங்கியது. தினம் போகிற கடைக்கு வழி தெரியாமல் காரை ஓரம் கட்டி நின்றேன். மருத்துவர் ஒரு பெயர் சொன்னார், அதைச் சிக்னி எழுதி வைத்திருக்கிறாள். ஞாபகம் மெதுவாகத்தான் போகும் என்கிறார். போகாது என்று சொல்லவில்லை.

பாதிப் பேச்சு என்றால் சமாளித்துவிடலாம் என்று கணக்குப் போட்டேன். மேஜை விரிப்பில் பென்சிலால் எழுதி வைத்தேன், சர்க்கரை டப்பாவின் பின்பக்கம் ஒட்டினேன், காப்பிக் கோப்பைக்குள் இரண்டு வரி. மகளாக நடிக்கிற டில்டா நல்ல சுறுசுறுப்பு. போன வியாழக்கிழமை ஒத்திகையில், "அப்பா, என்ன இப்படி அழுக்கா வெச்சிருக்கீங்க?" என்று தானாக ஒரு வசனத்தைப் போட்டுக்கொண்டு, விரிப்பை உருவி டப்பாவையும் கோப்பையையும் துடைத்து வைத்துவிட்டாள். எல்லாரும் பிரமாதம் என்று கைதட்டினார்கள். நான் காலிக் கோப்பையைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். அதை ஆழ்ந்த நடிப்பு என்று நினைத்தார்கள்.

குழுவில் யாருக்கும் தெரியாது. தெரிந்தால் எல்லாரும் ரொம்ப அன்பாக நடந்துகொள்வார்கள், அன்பாகவே என்னை உட்கார வைத்துவிட்டு வேறு ஆளைப் போடுவார்கள். எனக்கு அதுதான் பயம். கடைசியாக ஒரு தடவை ஐனாராக நின்றுவிட்டு இறங்கலாம் என்று ஆசைப்பட்டேன். உன்னிடம் பொய் சொன்னது தப்பு. பொய் சொல்ல வேறு ஆள் எனக்கு இல்லை.

அனுமதியைத் திரும்ப வாங்குவதென்றால் வாங்கிக்கொள். வருத்தப்படமாட்டேன் என்று சொல்லமாட்டேன்.

ஆர்வில்


பர்பேங்க்
3 டிசம்பர் 1996

அன்புள்ள ஆர்வில்,

ஆறுதல் சொல்லி மூன்று கடிதம் எழுதினேன். எல்லாம் தொலைக்காட்சி வசனம் மாதிரி இருந்தது, கிழித்துப் போட்டுவிட்டேன். அந்தக் 'திரு. ப்ரெக்கே' கடிதத்தையும் கிழித்துவிடு. எழுதினவளுக்கு வெட்கமாக இருக்கிறது.

இத்துடன் புதிய மூன்றாம் அங்கம் இருக்கிறது. சமையலறையை எடுத்துவிட்டேன். இப்போது அது தேவாலயத்துக் கீழ்க்கூடம். ஐனாருக்கு வேலை ஓய்வு விருந்து. நீளமேஜை, காப்பி, சிக்னி கொண்டுவருவாளே அந்த மாதிரி இரண்டு பெரிய பாத்திரம் பாஸ்தா. எல்லாரும் "பேசுங்க, பேசுங்க" என்கிறார்கள். ஐனார் எழுந்து சட்டைப் பையிலிருந்து காகிதத்தை எடுத்துப் படிக்கிறார். உங்கள் ஊரில் ஓய்வு பெறுகிறவன் காகிதத்தைப் பார்க்காமல் சரளமாகப் பேசினால்தான் சந்தேகப்படுவார்கள். எழுத்தைப் பெரிதாக அடித்து அனுப்பியிருக்கிறேன்.

வரி தவறினால், கண்ணாடியைத் தேடு. பிரதியில் இருக்கிறது. "இது என் கையெழுத்துதானா பாரும்மா" என்று மகளிடம் கேட்கலாம். அவள் பக்கத்தில் வந்து விரலால் வரியைக் காட்டுவாள். அதுவும் வசனம்தான், எத்தனை தடவை வேண்டுமானாலும் கேட்கலாம் என்று குறிப்பில் எழுதியிருக்கிறேன். டில்டாவுக்குக் காரணம் தெரிய வேண்டியதில்லை. எழுதினவள் கடைசி நேரத்தில் மாற்றிவிட்டாள், கிறுக்கு என்று சொல்லிக்கொள்.

பேச்சு பழையது இல்லை. விருந்தில் பேசுகிற பேச்சு, சின்னது, ஜோக்கு உண்டு. கடைசி வரி மட்டும் அதே வரி.

அந்தப் பழைய பேச்சு போகிறதே என்று எனக்கு நோகாமல் இல்லை. ஆனால் ஆளைப் பார்த்து எழுது, ஆள் நிற்கிற இடத்தை எழுது என்று இந்த ஒன்பது பேர்தான் எனக்குச் சொல்லிக்கொடுத்தார்கள். உன்னை நீதிபதியாக்கிவிட்டேன், ஆர்வில். மேஜைக்குப் பின்னால் நிம்மதியாக உட்கார்.

வர ஆசைதான். தொடரின் இந்தச் சீசனுக்கான கடைசிப் பகுதிகளைப் பிப்ரவரியில்தான் எழுதுகிறோம். கேட்டுப் பார்த்தேன், விடமாட்டேன் என்கிறார்கள்.

உன்,
லோர்னா


டுலூத்
3 மார்ச் 1997

அன்புள்ள லோர்னா,

நாடகம் முடிந்தது. மூன்று வாரமும் கொட்டகை நிறைந்தது. ஒரு நாள் பனிப்புயல், அன்றைக்கும் முன்வரிசை காலியில்லை. நம் ஊர்ப் பத்திரிகையில் எழுதினவர், விருந்துக் காட்சி "தொலைக்காட்சிக்குப் போனவரின் மலிவான உத்தி" என்று போட்டிருக்கிறார். உனக்குப் பிடிக்கும் என்று வெட்டி இத்துடன் வைத்திருக்கிறேன். சிக்னி அவருக்கு ஒரு கடிதம் எழுதினாள், அனுப்ப நான் விடவில்லை.

கண்ணாடியை ஒவ்வொரு நாளும் தேடினேன். ஜனங்கள் சிரித்தார்கள். டில்டா விரலால் காட்டின வரியைப் படித்தேன். ஒரு நாளும் தடுமாறவில்லை. உனக்கு நன்றி சொல்ல எனக்குத் தெரியாது, அதனால் சொல்லவில்லை.

கடைசி நாள் நடந்ததை மட்டும் சொல்ல வேண்டும்.

"பேசுங்க, பேசுங்க" என்றார்கள். எழுந்தேன். காகிதத்தை எடுத்தேன். வாயைத் திறந்தால் பழைய பேச்சு வந்தது. விருந்துப் பேச்சு இல்லை, சமையலறைப் பேச்சு, நீ முதலில் எழுதினது. நிறுத்தலாமா என்று ஒரு கணம் பார்த்தேன், அது நிற்கிற மாதிரி இல்லை. பின்னால் காப்பி ஊற்றிக்கொண்டிருந்தவர் கெண்டியோடு அப்படியே நின்றுவிட்டார். டில்டா அந்தப் பேச்சை முழுசாகக் கேட்டதே இல்லை. எழுந்து பக்கத்தில் வந்தாள், விரலால் காட்டக் காகிதத்தைப் பார்த்தாள், அதில் வேறு ஏதோ இருந்தது. விரலை எடுத்துவிட்டு என் முகத்தைப் பார்த்தபடி நின்றாள். பத்து நிமிஷம். ஒருத்தரும் கழிவறைப் பக்கம் பார்க்கவில்லை. கடைசி வரியை அவளிடம் சொன்னபோது அவள் நிஜமாகவே அழுதாள்.

மேடை நிர்வாகம் பார்க்கிற பெரிட், உன் பழைய பிரதியைத் தன் மேஜைக்குள் வைத்திருந்தாளாம். நான் ஆரம்பித்ததும் அதை எடுத்து வரி வரியாகப் பின்தொடர்ந்திருக்கிறாள். "ஒரு காற்புள்ளி தப்பலை, ஆர்வில்," என்றாள். காற்புள்ளி காதில் விழுமா என்று கேட்காதே, அவளுக்கு விழும். அப்புறம் அவள் ஒன்றும் கேட்காமல் என் கோட்டைப் பிடித்துப் போட்டுவிட்டாள். அவளுக்கு முன்பே தெரிந்திருக்கிறது.

மறுநாள் காலை பாத்திரம் கழுவும்போது சொல்லிப் பார்த்தேன். முதல் வரியே வரவில்லை. இன்றுவரை வரவில்லை. இனி மேடை ஏறமாட்டேன், குழுவிலும் சொல்லிவிட்டேன். எதிர்பார்த்தபடியே எல்லாரும் அன்பாக இருக்கிறார்கள். அது அவ்வளவு மோசமாக இல்லை.

ஒப்பந்தப்படி நான் உன் புதிய பிரதியை மீறிவிட்டேன். ஏஜென்டுக்கு எழுதுவதென்றால் எழுது, நீதிபதியை எனக்குத் தெரியும்.

நீ எழுதின பேச்சு ஒரு தடவை முழுசாக வந்தது, லோர்னா. நீ பார்க்கவில்லை. கொஞ்ச நாளில் நானும் மறந்துவிடுவேன். உனக்கு எழுதி அனுப்பிவிட்டால் உன்னிடமாவது இருக்கும்.

உன்,
ஆர்வில்