ஆறாம் சனல்

8 மார்ச் 2025, சனி

இன்றைய வகுப்பும் நாசம். ரொறன்ரோப் பிள்ளைகளுக்கு இன்ரர்நெற்றில் தமிழ் படிப்பிக்கும்போது நாலு தரம் லைன் அறுந்தது. பள்ளியை நடத்தும் பாலேஸ்வரி அக்கா, "இன்னொருக்கா அறுந்தால் வேறை ஆளைப் போடுவன், குறை நினையாதையும்" என்றார். இந்த வேலையும் போனால் யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலி அறையை விட்டிட்டு ஊருக்கு, நீர்வேலிக்குத்தான் திரும்பவேணும்.

எல்லாம் பக்கத்து வீட்டுச் சுபாங்கனாலை. கலியாணம், செத்தவீடு எல்லாத்தையும் வெளிநாட்டாருக்கு லைவ் விடுறவன். அவன்ரை மூன்று வைஃபை ரவுட்டரும் என்ரை வைஃபை ஓடுற அதே அலைவரிசையிலை, ஆறாம் சனலிலேயே இரையுது. மாத்தச் சொல்லிக் கேட்டன். மதிலுக்கு அங்காலை நிண்டு சிரிக்கிறான்: "காத்து என்ன உங்கடை அப்பற்றை காணியோ?"

அப்பாவை இழுத்தியோ? இருடா, வாறன்.

11 மார்ச்

புது ரவுட்டர், புது அடப்டர். லப்ரொப்பில் அடப்டரின் உள் செற்றிங்குகளைத் திறந்து, ஐந்து கிகாஹேர்ட்ஸ் அலைவரிசையை மட்டும் பிடிக்கச் சொல்லி வைத்தேன். அங்கே அவனுடைய இரைச்சல் இல்லை. படம் துடைச்சுவிட்ட மாதிரி.

பிரச்சினை தீர்ந்தது. ஆனால் மனம் ஆறேல்லையே!

13 மார்ச்

பழைய ரவுட்டரை மதில் பக்க ஜன்னலில் வைத்து, ஆறாம் சனலில் முழு வலுவோடை போட்டன். அவன்ரை சிக்னல் நெரிபடட்டும் எண்டு அதுக்குள்ளாலை பழைய போனுக்குப் பெரிய பெரிய படங்களை ஓயாமல் அனுப்பவிட்டன். கொஞ்ச நேரத்தில் உவன் கூரையில் ஏறி அன்ரனாவைத் திருப்புறான். ஐயோ, என்ன சந்தோசம்! பிளேன்ரீ குடிச்சுக்கொண்டே பாத்தன்.

16 மார்ச், ஞாயிறு

பின் ஒழுங்கையில் செத்தவீடு. தியாகராசா எண்டு ஒரு வயசான மாஸ்டராம், எனக்குப் பழக்கமில்லை. அங்கே போன் சிக்னல் எடுக்காது. சுபாங்கன் தன் வீட்டிலிருந்து வைஃபையை இழுத்துத்தான் லைவ் விடவேணும்.

செத்தவீட்டிலையோ — வேண்டாமோ?

என்ரை அப்பாவை இழுக்கேக்கை அவன் யோசிச்சவனோ? பழைய ரவுட்டரைப் போட்டன். வாய்க்கரிசி நேரம் லைவ் நிண்டுபோச்சு. சனம் அவனைப் பேசின பேச்சு என் அறைவரைக்கும் கேட்டது. நல்லா வேணும்.

18 மார்ச்

அவனுக்கு வந்த ஒரு கலியாண லைவ் வேலை வேறை ஆளுக்குக் கைமாறிப்போச்சாம். இன்னும் போகட்டும்.

22 மார்ச், சனி

ஒருதரமும் அறுபடவில்லை. பாலேஸ்வரி அக்காவே பாராட்டினார்.

போன கிழமை வீட்டில் நடந்ததைத் தமிழில் சொல்லச் சொன்னேன். வினோஜாவின் முறை. ஒன்பது வயது, சொற்களைத் தேடித் தேடி:

"ரீச்சர், திருநெல்வேலியிலை எங்கடை தியாகராசா அப்பப்பா, அப்பான்ரை அப்பா, செத்துட்டார். அப்பாவுக்குப் பிளேன் ரிக்கெற் கிடைக்கேல்லை. முகம் பாக்க ரிவிக்கு முன்னாலை நிலத்திலை இருந்தவர். படம் வரேல்லை. திரும்ப வரும் எண்டு அப்பா எழும்பவே இல்லை. பிறகு... அவையள் அப்பப்பாவைக் கொண்டுபோயிட்டினம்."

ஒவ்வொரு சொல்லும் தெளிவாய்க் கேட்டது.

"நான் சரியாச் சொன்னனோ ரீச்சர்?"

"ஓம் பிள்ளை" என்றேன்.