மிளகுக் கொடியைப் பெண் பார்த்தவர்கள்

அன்புத் தங்கை சரசுவுக்கு,

மலைமேல் நம் வளப்பூர் நாட்டுக்கு இப்போது பஸ் கூடுதலாக வருகிறது. நீ இருந்திருந்தாலும் உனக்கு அதில் என்ன லாபம்? நீ பிறந்த வீட்டுக்கு பஸ் ஏறவே உன் புருஷன் சரியென்று சொல்ல வேண்டுமே.

உன்னைப் பெண் பார்க்க வந்த அன்று அவர் காபியைத் தொடவில்லை. தோட்டத்தையே பார்த்துக்கொண்டு, "மிளகுக்கொடிக்கு எத்தன வயசுங்க?" என்றார். உன் வயதைக் கேட்கவில்லை. மலைக்குக் கீழே பேளுக்குறிச்சியில் லாரி வைத்திருக்கும் மாப்பிள்ளை என்று பூரித்துப்போன அப்பா, தோட்டத்தை உனக்கும் உனக்குப் பின் உன் பிள்ளைக்கும் என்று எழுதிவைத்தார். அப்பா மேல் எனக்கு இன்னும் ஆறவில்லை.

பறிப்புக் காலத்தில் உனக்குக் காய்ச்சல் கண்டது. "ஆளுகளுக்குச் சோறாக்கறது யாரு? பறிப்பு முடியட்டும், ஆஸ்பத்திரிக்குப் போலாம்" என்றார். பறிப்பு முடிவதற்குள் நீ போய்விட்டாய்.

இப்போது உன் மகள் செல்வியைத் தன் அக்காள் மகனுக்குப் பேசி முடித்துவிட்டார். அவனும் தோட்டத்துக்கு வந்தான். ஊற்று எந்தப் பக்கம் என்று பார்த்துவிட்டுப் போனான்.

"தாய்மாமன் நான் மாலை எடுத்துக் கொடுக்காமல் எப்படி நடக்கும்?" என்று கேட்டேன். உன் புருஷன் சிரித்தார்.

"மாமனுக்கா பஞ்சம், மச்சான்? உங்க பங்காளி ஒருத்தருக்குப் புது வேட்டி எடுத்துக் குடுத்தா வந்து நிக்கறாருங்க."

மறு சந்தையில் நம் சித்தப்பா மகனைப் பார்த்தேன். கையில் ஜவுளிக்கடைப் பை. என்னைக் கண்டதும் முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

இன்று காலை பஸ்ஸில் செல்வி தனியாக வந்து இறங்கினாள்.

"அப்பாகிட்டக் கேட்டுட்டு வந்தியா கண்ணு?"

"கேட்டா உடுவாருங்களா மாமா? அம்மா கேட்டுக் கேட்டுத்தான..."

பனி இறங்குகிறது. கீழே வளைவுகளில் அவருடைய லாரி ஹாரன் கேட்கிறது. கூட எத்தனை பேரோ? ஒவ்வொரு ஹாரனுக்கும் செல்வி என் முகத்தைப் பார்க்கிறாள்.

அரிவாளைத் தீட்டி வைத்திருக்கிறேன். பயப்படாதே, ஆளுக்கில்லை. தோட்டம் அவளுடையது என்பதால் அவளிடமே கேட்டேன். உன்னைப் போலவே கொஞ்ச நேரம் தரையைப் பார்த்தாள். பிறகு, "வெட்டிப்போடுங்க மாமா" என்றாள்.

கொடி இல்லாத மேட்டுக்கு எவன் மாப்பிள்ளையாக வருவான்? லாரி வாசலுக்கு வருமுன் ஒரு கொடியைக்கூட மிச்சம் வைக்க மாட்டேன், சரசு.

உன் அண்ணன்,
உன் மகளுக்கு ஒரே தாய்மாமன்.