அப்பாவின் பெயருக்குப் பின்னால் லிம்போசார்கோமா

கண்ணு என்று கூப்பிட்டே என் நிஜப் பெயரை மறக்கடித்த அப்பாவுக்கு,

இன்றைக்குக் காலையில் எழுந்ததும் முதல் வேலையாகக் கழுத்தைத் தடவிப் பார்த்தேன். பல் துலக்குவதற்கும் முன்னால், அடுப்பு பற்றவைப்பதற்கும் முன்னால். இடது பக்கம், காதுக்குக் கீழே, புளியங்கொட்டை அளவில் ஒரு நெறி. காலி பண்ணச் சொல்லியும் நகராத குடித்தனக்காரர் மாதிரி அதே இடத்தில் இருந்தது. வலிக்கிற நெறியைவிட வலிக்காத நெறியைத்தான் கவனிக்கணும் என்று யாரோ சொல்லிவிட்டார்கள். கொஞ்சம் வலித்துவிடாதா என்று அழுத்தி அழுத்திப் பார்த்தேன். கடைசியில் விரல்தான் வலித்தது.

அம்மா அங்கே வந்து சேர்ந்து எட்டு வருஷம் ஆகிறது. வீட்டுச் செய்தியெல்லாம் சொல்லியிருப்பாள். நான் தருமபுரியில் ஒரு தனியார் பள்ளியில் அறிவியல் டீச்சர். உங்கள் மாப்பிள்ளை நல்லவர், குறட்டை ஒன்றுதான் குறை. உங்கள் பேத்தி யாழினி பி.காம். இரண்டாம் வருஷம் படிக்கிறாள். அம்மாவுக்கும் தெரியாத செய்தி இந்த நெறிதான். இரண்டு மாதமாக இருக்கிறது. போன வாரம் ஆஸ்பத்திரியில் ஊசி விட்டு அதிலிருந்து ஒரு துணுக்கு எடுத்திருக்கிறார்கள். வெள்ளிக்கிழமை முடிவு சொல்வார்கள். உங்களுக்கு வந்ததுதான் எனக்கும் வந்திருக்கிறதா என்பது அன்றைக்குத் தெரியும்.

அதில் ஒரு சிக்கல், அப்பா. உங்களுக்கு என்ன வந்தது என்பதே எங்களுக்குப் போன வாரம்தான் தெரிந்தது. அதுவும் முழுசாக இல்லை.

ஞாபகம் இருக்கிறதா? எனக்கு அப்போது பதினாலு வயசு. கழுத்திலும் அக்குளிலும் நெறி கட்டி, நீங்கள் சேலத்துக்குப் போய்வந்தீர்கள். கூட வந்தது அம்மாவும் உங்கள் தங்கை மாதம்மா அத்தையும். போகும்போது வெறும் ஆளாகப் போனவர், திரும்பும்போது ஒரு வார்த்தையோடு வந்தீர்கள். லிம்போசார்கோமா. மற்றவர்கள் பாதியிலேயே விட்டுவிட்ட அந்த வார்த்தையை நீங்கள் ஒரே நாளில் பழகிக்கொண்டீர்கள். மறுநாள் பால் சொசைட்டியில், லாக்டோமீட்டரைப் பாலுக்குள் விட்டபடியே, கேன் கொண்டுவந்த ஒவ்வொருவரிடமும் சொன்னீர்கள்: "கேன்சர் கீன்சர் எல்லாம் இல்லப்பா. லிம்போசார்கோமா!" மொரப்பூர் பஸ்ஸில் அதைக் கேட்ட கண்டக்டர் தன் சீட்டையே உங்களுக்கு விட்டுக்கொடுத்தார். "என்னா வியாதியோ, பேரே இவ்ளோ நீட்டு. உட்காருங்க மொதல்ல" என்றார்.

நம் ஊரில் மாதையன் என்று கூப்பிட்டால் பத்துப் பேர் திரும்புவார்கள். டிராக்டர் மாதையன், கொட்டாய் மாதையன், ரெண்டு பொண்டாட்டி மாதையன். அதுவரை நீங்கள் லாக்டோமீட்டர் மாதையன். சொந்தத் தங்கை ஊற்றிய பாலிலேயே தண்ணீர் இருக்கிறது என்று நோட்டில் எழுதியதற்காகக் கிடைத்த பட்டம். ஒரே மாதத்தில் லிம்போ மாதையன் ஆகிவிட்டீர்கள். அதில் உங்களுக்குக் கொஞ்சம் பெருமைகூட இருந்தது. இல்லை என்று சொல்லாதீர்கள், நான் பார்த்தேன்.

அதற்குப் பிறகு நடந்தது உங்களுக்குத் தெரிய நியாயமில்லை. உங்கள் கருமாதிப் பத்திரிகைக்கு விவரம் எழுதிக்கொடுத்தது அத்தை. மேலே உங்கள் பெயர், அதற்குக் கீழே வியாதி. அச்சகத்துக்காரர் அதை நீங்கள் படித்த படிப்பு என்று நினைத்துவிட்டார். "திரு. மாதையன், லிம்போசார்கோமா" என்று ஒரே வரியில் அச்சாகி வந்தது. மாற்ற நேரமில்லை. காரியத்துக்கு வந்திருந்த தூரத்துச் சொந்தக்காரர் ஒருவர் துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "இவ்ளோ படிச்ச ஆளுன்னு தெரியாமப் போச்சே" என்றார். அத்தை அவரைத் திருத்தவில்லை. "ஆமாங்க மாமா" என்று சொல்லி இன்னொரு கரண்டி சாம்பார் ஊற்றினார்.

சேலத்து டாக்டர் அந்த வார்த்தையை எழுதிக்கொடுத்த சீட்டை அத்தை இன்னும் வைத்திருக்கிறார். வெறுமனே இல்லை. நாலு வருஷத்துக்கு முன்னால் நிலத்துப் பட்டாவை லேமினேட் பண்ண எடுத்துக்கொண்டு போனவர், கூடவே இதையும் பண்ணிவிட்டார். "ரெண்டும் பெரியவங்க வெச்சிட்டுப் போனதுதானே கண்ணு" என்றார். போன வாரம் என்னோடு ஆஸ்பத்திரிக்கு வந்தபோது அதை மஞ்சள் பையில் போட்டுக்கொண்டு வந்தார்.

அங்கே ஒரு சின்ன வயசு டாக்டரம்மா படிவத்தை வைத்துக்கொண்டு கேள்வி கேட்டாள்.

"குடும்பத்துல யாருக்காவது கேன்சர் இருந்துதா?"

நான் வாயைத் திறப்பதற்குள் அத்தை முந்திக்கொண்டார். "எங்க வம்சத்துலயே கெடையாதுங்க."

"இவங்க அப்பா இருக்காங்களா?"

"இல்லைங்க. முப்பத்தோரு வருஷமாச்சு."

"என்ன ஆச்சு அவருக்கு?"

"லிம்போசார்கோமாங்க" என்றார் அத்தை, கலெக்டர் என்று சொல்வதுபோல.

டாக்டரம்மாவின் பேனா நின்றுவிட்டது. அத்தை மஞ்சள் பையிலிருந்து சீட்டை எடுத்து மேஜைமேல் வைத்தார். அவள் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். பிறகு போனில் தேடினாள். நானும் எட்டிப் பார்த்தேன், அப்பா. திரை முழுக்க நாய்கள். நடுவில் ஒரு கறவை மாடு.

"இந்தப் பேரை இப்ப அதிகமா வெட்னரி டாக்டருங்கதான் எழுதறாங்க போல" என்றாள், தயங்கித் தயங்கி.

"அப்படின்னா?"

"மாட்டு டாக்டருங்க."

அத்தை நாற்காலியைப் பின்னால் தள்ளிக்கொண்டு எழுந்தார். "ஏம்மா, எங்கண்ணன் என்னா எருமையா? வெள்ளை வேட்டி கட்டி, கையெழுத்துப் போட்ட மனுஷன்மா!"

சத்தம் கேட்டுத்தான் பக்கத்து அறையிலிருந்து தலை நரைத்த பெரிய டாக்டர் வந்தார். சீட்டைப் பார்த்ததும் அவர் முகத்தில், பழைய சிநேகிதனைச் சந்தையில் பார்த்ததுபோல ஒரு சிரிப்பு. "அட, இது எங்க வாத்தியார் காலத்து வார்த்தை. எழுதினவர் அப்பவே பழைய ஆளா இருந்திருப்பார்." பிறகு உட்கார்ந்து, அத்தையையும் உட்காரவைத்து, விளக்கினார். லிம்போ என்றால் நிணநீர். சார்கோமா என்றால் சதையில் வளர்கிற கெட்ட கட்டி. நிணநீர் முடிச்சுகளில் கிளம்புகிற கேன்சருக்கு ஒரு காலத்தில் மொத்தமாக வைத்த பெயர். இப்போது லிம்போமா என்கிறார்கள். அதற்குள்ளேயே ஏகப்பட்ட வகை. ஒன்று வருஷக்கணக்காக மெதுவாக நடக்கும், ஒன்று ஓடும். ஒன்றுக்கான மருந்து இன்னொன்றுக்கு ஆகாது. சிலவற்றை முழுசாகவே குணப்படுத்திவிடலாம்.

"எங்கப்பாவுக்கு இதுல எதுங்க டாக்டர்?"

"இந்தச் சீட்டை வெச்சுச் சொல்ல முடியாதும்மா. அவருக்கு வந்ததால உங்களுக்கும் வரணும்னு கிடையாது. ஆனா சொன்னது நல்லதாப் போச்சு."

எனக்குச் சட்டென்று புரிந்தது. சேலத்து டாக்டர் நம் ஊர் நடுவில் நின்று மாதையன் என்று கூப்பிட்டிருக்கிறார். பத்துப் பேரில் திரும்பியது யார் என்று எழுதிவைக்கவில்லை. பத்து மாதையன்களுக்கு நடுவில் உங்களை மட்டும் தனியாகக் காட்டிய அந்த வார்த்தைக்கு, உங்கள் வியாதியைத் தனியாகக் காட்டத் தெரிந்திருக்கவில்லை. நீங்களானால் சிரித்திருப்பீர்கள். மாட்டுக்கு எழுதுகிற வார்த்தை என்றதும் இன்னும் சந்தோஷப்பட்டிருப்பீர்கள். உங்களுக்கு மனுஷர்களைவிட மாடுகளோடுதானே சகவாசம் அதிகம்.

வெளியே வந்து டீ குடிக்கும்போது அத்தையிடம் மெதுவாகக் கேட்டேன். "அத்தை, அது கேன்சர்னு உங்களுக்குத் தெரியாதா?"

"அன்னிக்கே தெரியும். அந்த டாக்டரு என்னைத் தனியா கூப்பிட்டுச் சொன்னாரு."

"அப்புறம் ஏன் இத்தனை வருஷமா..."

"உங்கப்பன் எதிர்ல அழுவாம சோறு போடணும்னா ஒரு வார்த்தை வேணாமா? உனக்கு மாப்பிள்ளை பார்க்கறப்ப எதுல போனாருன்னு கேட்டாங்க. கேன்சர்னு சொல்லியிருந்தா எவன் வந்திருப்பான்? லிம்போசார்கோமான்னேன். உன் மாமியார், சரிங்க, ஜாதகத்தைக் குடுங்கன்னாங்க." டீயை ஒரே மடக்கில் முடித்தார். "நல்ல வார்த்தை ஒண்ணு கையில இருக்கறப்ப கெட்ட வார்த்தை என்னாத்துக்குக் கண்ணு?"

பிறகு குடையை மறந்துவிட்டேன் என்று சொல்லி உள்ளே போனார். குடை என் கையில் இருந்தது. பின்னாலேயே போய்க் கதவோரம் நின்றேன். உங்கள் தங்கை டாக்டரம்மாவிடம் கையெடுத்துக் கும்பிட்டுக்கொண்டிருந்தார்.

"வெள்ளிக்கிழமை எது வந்தாலும் அவகிட்ட சொல்லிடாதீங்க. என்கிட்ட அந்தப் பழைய பேரைச் சொல்லுங்க, நான் புரிஞ்சுக்குவேன்."

"அம்மா, அவங்கதான் பேஷண்ட்."

"அதனாலதாங்க சொல்றேன்."

கோபம் வந்தது. கூடவே சிரிப்பும் வந்தது. இரண்டையும் அடக்கிக்கொண்டு டீக்கடைக்குத் திரும்பி, குடையைப் பெஞ்சுக்கு அடியில் வைத்தேன். அத்தை வந்து, "இங்கதான் கெடந்திருக்குது பாரேன்" என்று எடுத்துக்கொண்டார்.

பஸ்ஸில் வரும்போது கோபத்தை வளர்க்கப் பார்த்தேன். வளரவில்லை. ஏனென்றால் நான் வீட்டில் என்ன செய்திருக்கிறேன்? உங்கள் மாப்பிள்ளையிடம் சளியால் வந்த நெறி என்று சொல்லியிருக்கிறேன். யாழினி கேட்டபோது, "நிணநீர் முடிச்சு வீங்கியிருக்கு, தானா போயிடும்" என்று எட்டாம் வகுப்புப் பாடம் நடத்தினேன். பி.காம். படிக்கிறவளுக்கு அது புரியாது என்று தெரிந்துதான் அந்த வார்த்தையைத் தேர்ந்தெடுத்தேன். அவள், "அப்ப எதுக்கும்மா மொரப்பூர் ஆயா காலையில மூணு தடவ போன் பண்ணுது?" என்று கேட்டாள். அத்தை மாங்காய் ஊறுகாய்க்குச் செய்முறை கேட்கிறார் என்றேன். மாங்காயே இல்லாத மாதத்தில். அவள் என்னை ஒரு பார்வை பார்த்துவிட்டுப் போனாள்.

அப்பா, உங்களிடம் கேட்க வேண்டும் என்று இத்தனை வருஷமாக ஒரு கேள்வி வைத்திருக்கிறேன். ஒரு நாள் மொரப்பூர் ஸ்டேஷனில் ரயிலுக்குக் காத்திருந்தபோது, நீங்கள் தண்டவாளத்தைப் பார்த்துக்கொண்டே சொன்னீர்கள்: "பேரு நல்லாத்தான் இருக்குது கண்ணு. ஆனா அதைச் சொல்றப்ப அந்த டாக்டரு என் மூஞ்சியப் பார்க்கல." உடனே பொரி வாங்கிக்கொடுத்துப் பேச்சை மாற்றிவிட்டீர்கள். உங்களுக்குத் தெரியும்தானே? தெரிந்துகொண்டேதானே பால்காரர்களிடமும் கண்டக்டரிடமும் அவ்வளவு உற்சாகமாகச் சொல்லித் திரிந்தீர்கள்? யாருக்காக? அத்தை உங்களுக்காக மறைத்தார். நீங்கள் எங்களுக்காக மறைத்தீர்களா?

எனக்கு மட்டும்தான் உண்மையாகவே தெரியவில்லை. கேன்சர் இல்லை என்று எல்லோரும் சொன்னதை நம்பியவள் அந்த வீட்டில் நான் ஒருத்திதான். அதனால்தான் பள்ளிக்கூடச் சுற்றுலாவுக்குப் பெயர் கொடுத்தேன். "போய்ட்டு வா, நான் எங்க போயிடப் போறேன்" என்று அனுப்பினீர்கள். நீங்கள் போன நேரத்தில் நான் தீர்த்தமலைப் படியில் உட்கார்ந்து புளிச்சோறு சாப்பிட்டுக்கொண்டிருந்தேன். யாராவது ஒருத்தர், ஒரே ஒருத்தர், எனக்குப் புரிகிற வார்த்தையில் சொல்லியிருந்தால் நான் உங்கள் கட்டிலை விட்டு நகர்ந்திருக்க மாட்டேன். இதில் யார்மேலும் குற்றம் இல்லை. ஆனால் அந்தப் புளிச்சோறு இன்னும் தொண்டையை விட்டு இறங்கவில்லை.

வெள்ளிக்கிழமை யாழினிக்குக் காலேஜில் ஏதோ விழா. புதுப் புடவையெல்லாம் எடுத்துவைத்திருக்கிறாள். அன்றைக்கு அவளைப் போக வேண்டாம் என்று சொல்லப் போகிறேன். அவளையும் உங்கள் மாப்பிள்ளையையும் கூட்டிக்கொண்டுதான் முடிவு கேட்கப் போகிறேன். அத்தையும் வரட்டும், அவர் இல்லாமல் எனக்குத் தைரியம் வராது. எங்கள் நாலு பேரையும் உட்காரவைத்து, என்ன, எந்த வகை, அடுத்து என்ன என்று தமிழில் சொல்லுங்கள் என்று டாக்டரைக் கேட்பேன். ஒன்றுமில்லை என்று வந்தால் அங்கிருந்தே அவளை விழாவுக்கு ஆட்டோவில் ஏற்றிவிடுவேன். வேறு மாதிரி வந்தால், அதையும் அவள் என் பக்கத்தில் உட்கார்ந்தே கேட்கட்டும். இதை இன்னும் ஒருவரிடமும் சொல்லவில்லை. அத்தைக்குத் தெரிந்தால் குடையாலேயே அடிப்பார்.

ஒன்று மட்டும் சத்தியம் செய்கிறேன், அப்பா. இனி உங்கள் பேத்தி என்ன கேட்டாலும், எனக்குத் தெரியாததைத் தெரியவில்லை என்று சொல்வேன், பயமாக இருந்தால் பயம் என்று சொல்வேன். ஒண்ணுமில்லை என்று மட்டும் சொல்ல மாட்டேன்.

இப்போது உங்களைவிட மூன்று வயசு பெரியவளாகிவிட்ட உங்கள் மகள்,
சுமதி