சோணையா கப்பலேறிய பொங்கல்

என் தங்கையைக் கட்டிக்கொண்டு, மேடையில் என்னையும் கட்டிக்கொண்ட அருமை மாப்பிள்ளை கருப்பையா,

நாடகம் நடந்துவிட்டது! இரு, மூச்சு வாங்குகிறது, ஒழுங்காகச் சொல்கிறேன். காணும் பொங்கலன்று நாலு மணி வெயிலில், சாயல்குடிச் சனமெல்லாம் வண்டி கட்டி வந்து உட்கார்ந்திருக்க, நீ இல்லாத ‘சோணையா குடும்பம்’ நடந்தது. பதிமூன்றாவது வருடம். கூட்டம் சிரித்த சிரிப்பில் முன்னால் கட்டியிருந்த ஓலைத் தட்டி சாய்ந்தே போனது என்றால் நம்புவாயா?

சுதந்திரம் வந்த மறு தையில் நாம் இரண்டே பேர். நீ சோணையா, நான் உன் பெண்டாட்டி சிட்டம்மா. பொங்கலுக்கு ஆடு வாங்கலாமா வேண்டாமா என்று ஒரு சண்டை, அவ்வளவுதான் கதை. பொன்னுத்தாயி சேலையை எடுத்து எனக்குச் சுற்றிவிட்டது நீதான். என் தங்கச்சி அதற்கப்புறம் ஒரு மாதம் அந்தச் சேலையைத் தொடவில்லை.

மறு வருடம் ஊரே “அந்த ஆடு என்னாச்சு?” என்று கேட்டது. அங்கே பிடித்தது நம்மைச் சனியன்! ஆடு குட்டி போட்டது, மாமியார் வந்தாள், நமக்குப் பிள்ளைகள் பிறந்து வருடத்துக்கு மூன்று வயது வளர்ந்தார்கள். பஞ்சாயத்துத் தேர்தல் வந்தபோது நீ ஓட்டுக்கு நின்று, என் ஓட்டுக்கூடக் கிடைக்காமல் தோற்றாய். ஒரு வருடம் சினிமா மெட்டில் பாட்டுச் சேர்த்தோமே, அது மட்டும் படுத்துவிட்டது. “எவன்டா பொண்டாட்டியோட சண்ட போடையில பாடுறான்?” என்று ஒரு பெரியவர் துண்டை உதறிவிட்டுப் போனதும் பாட்டை விட்டோம். மழை பொய்த்த தையில் யாருக்கும் சிரிக்கத் தெம்பில்லை. நீ வெறும் பானையை அடுப்பில் வைத்து உப்புப் பார்த்துக்கொண்டே இருந்தாய். எப்படிச் சிரித்தார்கள்!

மகள் சமைந்த வருடத்தை மறக்க முடியுமா? மகளாக நடித்தது நம் கொத்தனார் ராமு. மறுநாள் காலையில் பொம்பளைகள் உளுந்தங்களியும் நல்லெண்ணெயும் பச்சை முட்டையுமாக அவன் வீட்டுக்கே வந்துவிட்டார்கள். மூன்று நாள் மறுக்க முடியாமல் குடித்தான். நாலாம் நாள் ராமநாதபுரத்தில் வேலையிருக்கிறது என்று ஓடிப்போனான்.

நம் ஊருக்கு மேடை வேறு, வீடு வேறு கிடையாது. இந்த வருடச் சிக்கலும் அதுதான்.

ஆடியில் காய்ச்சல் என்று படுத்தவன் நீ எழுந்திருக்கவில்லை. அதை நான் எழுதப்போவதில்லை. மார்கழியில் ஒத்திகைப் பேச்சை எடுத்தபோது ஊர்ப் பெரியவர் கையை விரித்துவிட்டார்.

“துக்க வீட்டுல ஏதுப்பா பொங்கலு? சோணையா குடும்பத்துக்கு இந்த வருசம் ஆகாது.”

“அய்யா, செத்தது எங்க மாப்பிள்ள. சோணையா நாடகத்து ஆளுல்ல?”

“ஏலே, ரெண்டும் ஒரே ஆளுதான? வருசம் திரும்பட்டும்.”

ஒரு வருடம் நின்றால் நாடகம் நின்றதுதான். வேறு சோணையா கிடைப்பானா என்று ராமுவுக்கு மீசை ஒட்டிப் பார்த்தோம். மகளே அப்பனாகி நின்றதைக் காணச் சகிக்கவில்லை. கடைசியில், சோணையாவும் செத்துவிட்டதாகக் கதை கட்டி, பொங்கல் இல்லாத துக்க நாடகமாகப் போட்டுவிடலாம், நான் வெள்ளைச் சேலையில் வருகிறேன் என்று முடிவு செய்தேன்.

அது பொன்னுத்தாயி காதுக்குப் போய்விட்டது. ஆறு மாதமாக வீட்டைவிட்டு வெளியே வராதவள், பட்டப்பகலில் என் வாசலில் வந்து நின்றாள்.

“அண்ணே, வீட்டுலதான் அவரு இல்ல. மேடையிலயும் கொன்னுறாதீக.”

எடுத்து வைத்திருந்த வெள்ளைச் சேலையை மடித்துப் பரணில் போட்டேன். மறுநாள்தான் புத்தியில் தட்டியது. தனுஷ்கோடியிலிருந்து கப்பல் போகிறதே! சிலோனுக்கு ஆள் அனுப்பாத குடும்பம் நம் பக்கம் உண்டா? பெரியவரிடம் ஓடினேன்.

“அய்யா, சோணையா சாகல. சிலோனுக்குக் கப்பலேறிட்டாரு.”

வெற்றிலையை மென்று துப்பினார். “கப்பலேறிட்டாருன்னா தீட்டு இல்லையே. பெறகென்ன, நடத்துங்கப்பா” என்றார். சத்தியமாகச் சிரிக்காமல் சொன்னார், மாப்பிள்ளை!

கதை இதுதான். உன்னிடமிருந்து கடிதம் வருகிறது. சிட்டம்மாவுக்குப் படிக்கத் தெரியாது, மகள் படிக்கிறாள். ஆட்டுக்குட்டியை விற்காதே, மருமகனிடம் என் குடையைக் கொடுக்காதே என்று வரிக்கு வரி அதிகாரம். மருமகனோ அந்தக் குடைக்கடியில்தான் உட்கார்ந்திருக்கிறான்! நான் கடல் பக்கம் திரும்பி உன்னைத் திட்டினேன். கூட்டம் மொத்தமும் திரும்பி உட்கார்ந்து சேர்ந்து திட்டியது. உனக்கு அங்கே புரையேறவில்லையா?

துக்கக்காரி வரக்கூடாதுதான். ஆனாலும் பொன்னுத்தாயி உடைமரத்தோரம் நின்றாள். முந்தானையை வாயில் வைத்து அடக்கப் பார்த்தாள், முடியவில்லை, சிரித்துவிட்டாள். நீ போனபின் அவள் சிரித்து அப்போதுதான் பார்த்தேன். அடுத்த வசனம் எனக்கு மறந்தே போய்விட்டது.

எல்லாம் முடிந்து நான் சேலையை அவிழ்த்துக்கொண்டிருந்தபோது கிட்டே வந்தாள்.

“அண்ணே, அவரு எப்பத் திரும்பி வாராராம்?”

எதைக் கேட்கிறாள்? நாடகத்தையா? எனக்குத் தெரியவில்லை, மாப்பிள்ளை.

“கப்பல் கெடைக்கணும்ல, தாயி” என்றேன்.

“அவசரமில்ல. காயிதம் மட்டும் நிக்காமப் போடச் சொல்லுங்க.”

போடுவாய். தை பிறந்தால் உன் கடிதம் வரும், நான் எழுதுவேன். என் கை ஓய்ந்தால் ராமு எழுதுவான். அவள் கேட்க இருக்கும்வரை நீ சிலோனில் சுகமாக இருப்பாய். இது சத்தியம்.

உன்னைத் திட்டித் தீராத உன் மச்சான்,
முருகேசன்