குப்பையில் கிடந்த ஏர்

மார்ச் 3, செவ்வாய்

என் கார்டு டெக்கை மறுபடியும் பிரித்துப் போட்டுவிட்டேன். அறுபது கார்டில் இருபத்தேழு நிலக் கார்டு. அக்கா எட்டிப் பார்த்துவிட்டு, "நீ ஆட வர்றியா, மனை விக்க வர்றியா?" என்றாள். அவளுடையது நெருப்பு டெக். வருவாள், அடிப்பாள், பத்து நிமிடத்தில் எழுந்து போய்விடுவாள். என்னுடையது அப்படியில்லை. நிலத்தை இறக்கி, அதையே குப்பைக்கு அனுப்பி ஓர் அடி கொடுத்து, பிறகு குப்பையிலிருந்து பொறுக்கி மறுபடி இறக்க வேண்டும். தீர்ந்த கார்டுகள் போய் விழும் குவியலைத்தான் நாங்கள் குப்பை என்போம். பொறுக்கித் தர 'மண்வாரி' என்றொரு கார்டு, நிலத்தை மட்டும் எடுத்துத் தரும். ஒரு முறைக்கு ஒரு நிலம்தான் இறக்கலாம். 'இரட்டை ஏர்' மேசையில் இருந்தால் இரண்டு. 'ஊற்று' இருந்தால் இறங்குகிற ஒவ்வொரு நிலத்துக்கும் எனக்கு ஓர் உயிர் கூடும்.

யோசிக்கும்போது எல்லாம் அழகாகத்தான் இருக்கிறது. ஆட உட்கார்ந்தால் ஒன்று நிலமாக வந்து குவிகிறது, இல்லாவிட்டால் ஒன்றுகூட வருவதில்லை. எதை எடுப்பது, எதை வைப்பது? வீட்டுக்காரர் சாப்பிட மேசை வேண்டும் என்கிறார்.

மார்ச் 6, வெள்ளி

நிலம் இருபத்தைந்து. இல்லை, இருபத்தாறு.

மார்ச் 8, ஞாயிறு

ஜெயித்துவிட்டேன். கார்டு கடைப் போட்டியின் கடைசி ஆட்டம். அக்காவை.

கேரம், சதுரங்கம், ஓட்டப்பந்தயம், யார் முதலில் குளித்துவிட்டு வருவது — முப்பத்தொன்பது வருடத்தில் எதிலும் அவளை ஜெயித்ததில்லை. இன்று ஜெயித்தேன். அடுத்த மாதம் பெரிய போட்டிக்கு எங்கள் கடையிலிருந்து ஒருவர்தான் போகலாம். அது நான். எழுதிப் பார்த்தாலும் நம்ப முடியவில்லை.

மார்ச் 10, செவ்வாய்

அக்கா ஊரெல்லாம் தண்டோரா போடுகிறாள். லிஃப்ட் ரிப்பேர் செய்யப் போன கட்டடத்தில், மாட்டிக்கொண்டவர்களை வெளியே எடுத்துவிட்டு, "என் தங்கச்சி என்னையே ஜெயிச்சிட்டா" என்று சொல்லியிருக்கிறாள். அவர்களுக்கு என்ன புரிந்திருக்கும், பாவம்.

மார்ச் 11, புதன்

பையில் சாவி தேடும்போது அன்றைக்கு உயிர்க் கணக்கு எழுதிய தாள் கிடைத்தது. ஆசையாக விரித்துப் பார்த்தேன். என் உயிரின் கடைசி எண்கள்: 2, 3, 4, 1. அதற்கப்புறம் என் முறையில் அவளை முடித்தேன்.

இரண்டிலிருந்து நான்கு. ஊற்று மேசையில் இருந்தது, ஒரே முறையில் இரண்டு நிலம் இறக்கியிருக்கிறேன். அப்படியென்றால் ஏர் மேசையில் இருந்திருக்க வேண்டும். ஆனால் அதற்கு முந்தைய முறையில்தானே அக்கா ஏரை எரித்துக் குப்பைக்கு அனுப்பினாள்? இல்லை, அவள் எரித்தது அதற்கப்புறமா?

எதுக்குத்தான் அந்தத் தாளைப் பார்த்தேனோ.

மார்ச் 12, வியாழன்

எரித்தது முன்னாலா, பின்னாலா? காலையில் முன்னால் என்று தோன்றியது. மதியம் பின்னால்.

மார்ச் 14, சனி

நான் வேலை செய்யும் கண்ணாடிக் கடையில் இன்று ஒரு லென்ஸைத் தவறாக அறுத்துவிட்டேன். இடது கண்ணுக்கானதை வலது பக்க அளவுக்கு. முதலாளி பார்த்தார், அவ்வளவுதான். வேறொன்றை எடுக்க லென்ஸ் தட்டில் மேலே கிடந்ததை விரலால் தள்ளினேன். அப்போதுதான் ஞாபகம் வந்தது.

அந்த முறையில் மண்வாரியை வைத்துக் குப்பையிலிருந்து ஒரு நிலம் எடுத்தேன். மேலே ஏர் கிடந்தது. ஏரை இதே மாதிரி விரலால் தள்ளிவிட்டு, அடியிலிருந்த நிலத்தை எடுத்தேன். எடுத்து இறக்கினேன். கை வழக்கத்தில் இன்னொன்றையும் இறக்கினேன்.

ஏர் குப்பையில்தான் இருந்திருக்கிறது. நானே தொட்டிருக்கிறேன்.

திருடவில்லை. தெரிஞ்சு செய்யலை. அப்ப ஏன் அந்தத் தாளைத் திரும்பத் திரும்ப எடுத்துப் பாக்கறேன்?

மார்ச் 15, ஞாயிறு

கார்டு கடைக்காரரிடம் கேட்டேன். நடுவரும் அவர்தான். இரண்டு பேரும் கையெழுத்துப் போட்டாயிற்று, முடிவு முடிவுதான், எதிராளியும் கவனிக்க வேண்டாமா என்றார். நானாக விலகினால் இடம் இரண்டாவதாக வந்தவருக்குப் போகும். "எதுக்கு விலகணும்? போய் ஆடுங்க" என்று சிரித்தார்.

விதிப்படி தவறில்லை. நிம்மதி வரும் என்று நினைத்தேன், வரவில்லை. ஒருவேளை அந்த ஓர் உயிர் இல்லாமலும் ஜெயித்திருப்பேனோ? அக்காவின் கையில் என்ன கார்டு இருந்தது என்று தெரிந்தால் போதும். அதை அவளிடம்தான் கேட்க வேண்டும்.

வீட்டுக்காரரிடம் சொன்னேன். காகித அட்டைக்காகவா சோறு இறங்கவில்லை என்றார். அவருக்கு அக்கா தங்கை கிடையாது.

மார்ச் 18, புதன்

சொல்லிவிட்டேன்.

அக்கா வேலைக் கையுறைகளைத் துவைத்துக்கொண்டிருந்தாள். தாளை மேசையில் வைத்து எல்லாவற்றையும் சொன்னேன். கையைத் துடைத்துக்கொண்டு உள்ளே போய்த் தன் தாளை எடுத்து வந்தாள். அதிலும் 2, 3, 4, 1. அவள் கையெழுத்து. விரலை அந்த 4-ல் வைத்தாள்.

"அப்ப என் கையில இருந்தது மூணு அடிதான். உனக்கு மூணு உயிர் இருந்திருந்தா அங்கேயே முடிஞ்சிருக்கும்."

இரண்டு தாளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தாள்.

"எப்ப தெரிஞ்சுது?"

போன புதன்கிழமையே சந்தேகம் வந்தது என்றேன்.

"ஒரு வாரம். ஒரு வாரமா நான் ஊர் பூரா சொல்லிட்டுத் திரியறேன், நீ பாத்துட்டு இருந்திருக்கே."

நிலத்துக்காக அவளுக்குக் கோபமில்லை. மறைத்த ஒரு வாரத்துக்காகக் கோபம். அந்த ஒரு வாரம் நான் ஜெயித்தவளாக இருந்தேன், அதுதான் காரணம். அதை எப்படிச் சொல்வது?

மார்ச் 20, வெள்ளி

அவளிடமிருந்து ஒன்றும் இல்லை.

மார்ச் 22, ஞாயிறு

விலகுகிறேன் என்று கடைக்காரருக்கு எழுதிக் கொடுத்தேன். சாயங்காலம் அக்காவிடமிருந்து இரண்டே வார்த்தை: "நான் போறேன்."

பரவாயில்லை, நீயே போ என்று சொல்வாள் என உள்ளுக்குள் எதிர்பார்த்திருக்கிறேன் போல. அவள் ஏன் சொல்ல வேண்டும்? அவள் ஜெயித்த ஆட்டம். நியாயம்தான். நியாயம் இவ்வளவு எரிச்சலாக இருக்குமா?

ஏப்ரல் 5, ஞாயிறு

பெரிய போட்டியில் மூன்றாவது சுற்றிலேயே அக்கா வெளியே. என் வீட்டுக்காரருக்குத்தான் செய்தி அனுப்பியிருந்தாள். எனக்கு இல்லை. வருத்தமாக இருந்தது. கொஞ்சம் சந்தோஷமாகவும் இருந்தது. இதை எழுதியிருக்க வேண்டாம்.

ஏப்ரல் 12, ஞாயிறு

காலையில் மணி அடித்தது. அக்கா. கையில் டெக். வா என்றேன், வந்தாள். போட்டியைப் பற்றி அவளும் பேசவில்லை, நானும் கேட்கவில்லை. மேசையைத் துடைத்துவிட்டு உட்கார்ந்தோம்.

ஐந்து ஆட்டம். முதல் இரண்டும் அவள். சுடச்சுட எரித்துத் தள்ளினாள். மூன்றாவதில் ஏர் வரவே இல்லை, முறைக்கு ஒரு நிலமாக நகர்ந்தேன். குப்பை நிரம்ப நிரம்ப மண்வாரி எடுத்துக் கொடுத்துக்கொண்டே இருந்தது. அவள் கையில் கார்டு தீர்ந்துவிட்டது. எனக்கு ஒன்பது உயிர் மிச்சம். நான்காவதும் ஐந்தாவதும் அவள்.

நாலுக்கு ஒன்று. போகும்போது வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டே கேட்டாள்.

"அந்த மூணாவது ஆட்டத்துல மொத்தம் எத்தனை நிலம் இறக்கினே?"

"பதினொண்ணு. முறைக்கு ஒண்ணுதான்."

"தெரியும். நான் எண்ணிட்டேதான் இருந்தேன்."

சொல்லிவிட்டுப் படியிறங்கிப் போய்விட்டாள். எண்ணினாளாம். எனக்குக் கோபம் வர வேண்டுமா என்று வெகு நேரம் யோசித்தேன். வரவில்லை. நான் அக்காவை ஜெயித்திருக்கிறேன்.