தராசுக்கு முன்னால் படுத்தவன்

1970 செப்டம்பர் 2, புதன்

காலையிலிருந்து புழுக்கம். மழை வருகிற மாதிரி காட்டிவிட்டு ஏமாற்றம். வருகிற சனி இல்லை, அதற்கடுத்த சனி பள்ளிக்கூடப் பொருட்காட்சி. என் தலையில் விழுந்தது: 'ரப்பரின் கதை'. நாலு படம், ஒவ்வொன்றும் ஆள் உயரம்.

த.ஆ. (தலைமையாசிரியர் இனி இப்படித்தான், மை மிச்சம்) கூப்பிட்டுச் சொன்னது: தாளாளர் குடும்பத்துக்கு மலேயாவில் ரப்பர் தோட்டம் இருந்தது, அவர் மனசு குளிர வேண்டும். "உங்க ஆர்டரும் அவுக மேசையிலதான் கெடக்கு, பாத்துக்கங்க."

எனக்குத் தெரியாதா. நாலு வருஷமாக டெம்பரவரி டிராயிங் மாஸ்டர். இந்த மாதம் கையெழுத்தானால் பர்மனென்ட்.

வாங்க: காடாத் துணி 12 கெஜம். வஜ்ரப் பசை. பச்சைப் பவுடர் நிறைய (காடு). வெள்ளை. வீட்டுக்காரி செல்லத்துக்குத் தலைவலித் தைலம்.

செப். 4, வெள்ளி

தைலம் மறந்து போச்சு. திட்டு.

சாயங்காலம் நூலகம். ரப்பர் மரத்தின் பூர்வீகம் அமேசான் காடு என்று பூகோளப் புத்தகத்தில் ஒரே வரி. அந்தக் காட்டு ஜனங்கள் எப்படி இருப்பார்கள் என்று தெரியாமல் எதை வரைய? பீரோவின் அடித்தட்டில் அட்டை போன ஓர் இங்கிலீஷ் புத்தகம். படம் பார்க்க எடுத்தேன். படித்துத் தொலைத்தேன்.

- புட்டுமாயோ என்று ஓர் ஆறு. பெரு நாட்டுப் பக்கம். கரையெல்லாம் உயிட்டோட்டோ, போரா என்று பல ஜனங்கள்.
- சைக்கிளும் மோட்டாரும் கிளம்பிய காலம். உலகமே ரப்பர் கேட்கிறது.
- கம்பெனி ஆட்கள் துப்பாக்கியோடு போய் ஊர் ஊராகப் பிடித்தார்கள். ஒரு கத்தி, ஒரு துணி கொடுத்து, இது கடன், ரப்பரால் தீர் என்பது. தீர விட்டால்தானே.
- எடை குறைந்தால் சவுக்கு. பெண்களுக்கும். ஓடினால் தேடிப் பிடித்துச் சுடுவது.
- தராசு முள் சரியான இடத்துக்கு வரவில்லை என்று கண்டதுமே, யாரும் சொல்லாமல், கொண்டுவந்தவன் தானாகவே தரையில் குப்புறப் படுத்துவிடுவானாம். அடி வாங்க.

கடைசியைப் படித்துவிட்டுப் புத்தகத்தை மூடினேன். திரும்பும்போது சைக்கிள் பஞ்சர். தள்ளிக்கொண்டே வந்தேன். டயர் மேல் கோபம் வந்தது. அது என்ன செய்யும் பாவம்.

சாப்பாட்டில் செல்லம்: "சோத்துல கைய வச்சுக்கிட்டு எங்க போயிட்டீக?"

"அமேசானுக்கு."

"வரும்போது கருவேப்பிலை வாங்கிட்டு வாங்க."

செப். 6, ஞாயிறு

நல்ல வெயில். துணி சீக்கிரம் காய்கிறது. முதல் படம், ரப்பர் மரமும் பால் எடுக்கும் ஆட்களும், மத்தியானத்துக்குள் தயார். எனக்கே பெருமையாக இருந்தது.

ராமையா மாமா வந்தார். செல்லத்தின் தாய்மாமன். முப்பது வருஷம் மலேயாத் தோட்டத்தில் பால் மரம் வெட்டியவர் (ரப்பர்ப் பால் எடுப்பதற்கு அங்கே அப்படித்தான் பேர்). வேலை பெர்மிட் கிடைக்காததால் போன வருஷம் திரும்பிவிட்டார். எதற்கெடுத்தாலும் சிரிக்கிற மனுஷன். படத்தைப் பார்த்தார்.

"மாப்பிள்ளை, இவன் எதுக்கு மரத்துல ஏறுறான்?"

"பால் எறக்க மாமா."

அவ்வளவுதான். கட்டிலைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறார். காலில் தளைநார், இடுப்பில் கலயம், அரிவாளால் உச்சியைச் சீவுகிற மாதிரி ஆறு பேரை வரைந்திருக்கிறேன். "ரப்பர் மரத்துல கள்ளு எறக்கிப்புட்டீகளே."

நம்ம பக்கம் மரத்திலிருந்து எதை இறக்கினாலும் ஏறித்தானே ஆக வேண்டும். வேறு எப்படித் தோன்றும்?

நின்ற இடத்தில் நின்றே வெட்டுவதாம். பட்டையை நூல் மாதிரி சாய்வாகச் சீவ, பால் வழிந்து கீழே கட்டிய மங்கில் (கிண்ணம்தான்) விழும். செய்து காட்ட அரிவாள்மனையோடு முருங்கை மரத்துக்குப் போய்விட்டார். "என் முருங்கைய விட்டுட்டு அங்குட்டுப் போங்க மாமா" என்று செல்லம்.

ஆறு பனையேறிகளையும் தரைக்கு இறக்கினேன். அரை நாள் காலி.

செப். 8, செவ்வாய்

வஜ்ரம் காய்ச்சிய நாற்றம். பக்கத்து வீட்டில் ஜன்னலைச் சாத்திக்கொண்டார்கள்.

இரண்டாவது படம் முடிந்தது. தராசு. அதன் பக்கத்தில் கையைப் பின்னால் கட்டி, வயிற்றை முன்னால் தள்ளி மேஸ்திரி. கூடையோடு வரிசை. முன்னால் ஒருவன் தரையில் குப்புற.

மாமா வந்தார். சிரிக்கத் தயாராகத்தான் வந்தார்.

"அந்த ஆளு ஏன் அதுக்குள்ள படுத்துட்டான்? இன்னும் நிறுத்தே முடியல."

புத்தகத்தில் படித்ததைச் சொன்னேன். மாமாவின் கையில் காபி ஆறிப்போனது.

"பால் கொறைஞ்சா நாங்க படுக்கல மாப்பிள்ளை. சிரிப்போம். மொதல்ல நாமளே சிரிச்சுட்டா, கங்காணி ரெண்டு வசவோட விட்டுருவான். அப்பிடியே பழகிப் போச்சு."

சொல்லிவிட்டுச் சிரித்தார். நான் துணியில் தூசி இருப்பதாகத் திரும்பிக்கொண்டேன்.

செப். 10, வியாழன்

ஒருவழியாகத் தூறல். நாலு படத்தையும் சாக்கு போர்த்தி ரிக்‌ஷாவில் பள்ளிக்கூடம் சேர்த்தேன். மூன்று: மலேயாத் தோட்டம். நாலு: டயர், செருப்பு, அழிரப்பர்.

த.ஆ. இரண்டாவதில் நின்றுவிட்டார்.

"நல்லாத்தான் இருக்கு சார். ஆனா இந்த மேஸ்திரி நிக்கிறதப் பாத்தா தோட்டத்துக்குப் போற நம்ம ஊரு ஏஜெண்டு மாதிரியில்ல இருக்கு."

புட்டுமாயோ மேஸ்திரியை நான் எங்கே கண்டேன். கண்ட ஆட்களை வைத்துத்தான் வரைந்தேன்.

"தாளாளர் அவுக தோட்டம்னு நினைச்சுருவாக. இதுல ஒரு அருவி போட்டுருங்களேன். அமேசான்ல அருவி இருக்கும்ல?"

"இருக்கும் சார்."

"அப்பறம் என்ன."

எல்லோரும் போன பின் வெள்ளை கலந்தேன். தூரிகையை முக்கியும் விட்டேன். பயம்தான், ஒளிக்க என்ன இருக்கிறது. ஆர்டர், வாடகை, செல்லம் முகம். ஆனால் அந்த முதுகு மேல் அருவியை ஊற்றக் கை வரவில்லை. வீரம் கீரம் ஒன்றுமில்லை. வரவில்லை, அவ்வளவுதான். தூரிகையைக் கழுவிவிட்டு வந்தேன்.

அருவி விஷயத்தைக் கேட்டதும் செல்லம்: "அழிச்சீகளா?"

"இல்ல."

"வெள்ளை மிச்சம் இருக்குல்ல. கொண்டாங்க, அடுப்படிச் செவுத்துக்கு அடிப்போம்."

செப். 12, சனி

பொருட்காட்சி. நல்ல கூட்டம். பாடம் செய்த பாம்பு இருந்த மேசையில்தான் நெரிசல். சந்தனம், கல்கண்டு.

போய்ப் பார்த்தால் இரண்டாவது படத்துக்குப் பச்சைத் திரை. த.ஆ. ஏற்பாடு. "உங்க நல்லதுக்குத்தான்" என்று காதோடு.

பதினொரு மணிக்குத் தாளாளர். முதல் படம், "பேஷ்". நேராக மூன்றாவதுக்கு நகர்ந்தார். நாலு எண்ணுவதற்குள் எல்லாம் முடிந்துவிடும், எனக்கு நல்லபடியாகவே முடியும். என் கை போய்த் திரையை இழுத்துவிட்டது.

த.ஆ. முகத்தை நான் பார்க்கவில்லை.

தாளாளர் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுப் பார்த்தார். "இது எந்த ஊரு?"

"தென்னமெரிக்காங்க. பெரு நாடு."

"நம்ம தோட்டம் இல்லையே?"

"இல்லீங்க."

"பெறகு ஏன் இவன் நம்ம ஏஜெண்டு மாதிரி நிக்கிறான்?"

நான் வாய் திறப்பதற்குள் கூட்டத்திலிருந்து மாமா: "எல்லா ஊர்லயும் அப்பிடித்தாங்க நிப்பாக."

மலேயாவில் இருந்தவர் என்று யாரோ எடுத்துக் கொடுத்தார்கள். தாளாளர் மாமா பக்கம் திரும்பினார். "நீங்க சொல்லுங்க. நம்ம பக்கம் இப்படி அடி உதை உண்டா?"

"நா இருந்த தோட்டத்துல அடி இல்லீங்க. தராசு உண்டு."

தாளாளர் கண்ணாடியைக் கழற்றினார். பிறகு த.ஆ.விடம், "அந்தத் திரையக் கழட்டிருங்க. மூடி வச்சா எங்களதுன்னுதான் நினைப்பாக." போய்விட்டார்.

நாள் முழுக்க மாமா அங்கேயே நின்று வருகிறவர்களுக்கெல்லாம் விளக்கம். பாம்பு மேசைக் கூட்டம் பாதி இங்கே வந்துவிட்டது. செல்லமும் வந்து பார்த்தாள்.

செப். 15, செவ்வாய்

மறுபடி புழுக்கம். படங்களைச் சுருட்டி விஞ்ஞான அறை அலமாரி மேல் வைத்தாகிவிட்டது. வஜ்ரம் இன்னும் நகத்தில்.

த.ஆ. கூப்பிட்டார். ஆர்டர் கையெழுத்தாகவில்லை. "இன்னும் ஒரு வருஷம் பாப்பம்னு சொல்லிட்டாக. கோவமெல்லாம் இல்லையாம்." டீ வாங்கிக் கொடுத்தார். நல்ல மனுஷன்.

வீட்டுக்கு வரக் கால் வரவில்லை. கொப்புடையம்மன் கோயில் பக்கம் ஒரு சுற்று. கருவேப்பிலை வாங்கினேன். வந்து சொன்னேன்.

செல்லம் தட்டை எடுத்து வைத்தாள். "இன்னும் ஒரு வருஷம் டெம்பரவரியா? அப்ப சோறும் டெம்பரவரிதான். ரசம் மட்டும் பர்மனென்ட்டு." அழுவாள் என்று நினைத்திருந்தேன். எனக்குத்தான் கண் கலங்கியது. ரசத்தில் காரம் என்றேன்.

கரண்டியைக் கையிலேயே வைத்துக்கொண்டு கேட்டாள்.

"படுத்திருந்தாரே அந்த ஆளு. பெறகு எந்திரிச்சாரா? புஸ்தகத்துல போட்டிருக்கா?"

போடவில்லை என்றேன்.