பாதி கேட்ட மார்ட்லி துரையின் சரித்திரம்

பவானி
தாது வருஷம் மார்கழி 12

சிரஞ்சீவி பொங்கியண்ணனுக்குத் தாயார் மயிலாத்தாள் மனம் நிறைந்து ஆசீர்வதித்து எழுதுவது. இவ்விடம் உன் தகப்பனாரும் நானும் தங்கை சாந்தாமணியும் தேக சௌக்கியத்துக்குக் குறைவின்றி இருக்கிறோம். டப்ளின் பட்டணத்துக் குளிரில் உனக்கு வந்த இருமல் நின்றதா என்பதை மறைக்காமல் தெரிவிக்கவும். நீ பட்டத்துக்காக ஆராயும் அயர்லாந்து ஜமீன்தார் மார்ட்லி துரையின் சரித்திரத்தை எனக்காகத் தமிழில் சுருக்கி அனுப்பினாய் அல்லவா, அதனால் இங்கே ஒரு விபரீதம் நேர்ந்திருக்கிறது, குற்றம் என்னுடையது. பள்ளிக்கூட வாசலை மிதிக்காமலே கற்றவள் என்ற கர்வத்தில் அதை உன் தகப்பனாருக்கு உரக்க வாசித்துக் காட்டினேன். மாசி மாதத் தேர்தலுக்கு நிற்பவராதலால் ஆவலுடன் கேட்டார். துரை முப்பது வருஷம் பார்லிமெண்டில் வீற்றிருந்ததும், அவருடைய குடியானவர்கள் காரியஸ்தர் முன்னிலையில் வாய்விட்டுப் பெயர் சொல்லி ஓட்டளித்ததும் வந்தவுடனே, "பாத்தயா அம்மணி, வாயில சொல்ல வெச்சாத்தான் ஓட்டு நிக்கும், துரைக்குத் தெரிஞ்சிருக்குது" என்று எழுந்து போய்விட்டார். மீதியைக் கேட்கவில்லை.

மறுநாளே, வருகிற தை மாதக் கடைசி வெள்ளியன்று நம் குத்தகைக்காரர்கள் யாவரும் மாரியம்மன் கோயிலில் எரிகிற கற்பூரத்தைக் கையால் அணைத்து, தேர்தலுக்கு நிற்பவர் ஒவ்வொருவருக்கும் வைக்கும் பெட்டிகளில் அவர் பெட்டியிலேயே ஓட்டுப் போடுவதாகச் சத்தியம் செய்ய வேண்டுமென்று சொல்லியனுப்பினார். மறுப்பவர்களுக்கு அறுவடைக்குப் பின் நிலம் இல்லையாம். வாய்க்கால் வயலைப் பதினெட்டு வருஷமாக உழும் மாசாணம் என்னிடம் வந்து, "ஏனுங்கம்மா, பொட்டியில போடறத ஒருத்தரும் பாக்கக்கூடாதுன்னு சர்க்காரே சொல்லுதுங்க, அப்பறம் சாமிய எதுக்குங்க எட்டிப் பாக்கச் சொல்றாங்க" என்று சிரித்தான். தோள் துண்டை மாத்திரம் முறுக்கிக்கொண்டே இருந்தான். துரையோ, ஓட்டு இரகசியமாக்கப்பட்ட வருஷத்தில் தோற்று, ஆத்திரத்தில் நாற்பது குடும்பங்களை வெளியேற்றி, கடைசியில் தம் சவப்பெட்டியைத் தூக்க ஊரில் ஒருவரும் இல்லாமல் போய்ச் சேர்ந்தாரென்று நீயே எழுதியிருக்கிறாய். நான் எடுத்துச் சொன்னால், "அது அயர்லாந்து, இது பவானி" என்கிறார். உன் எழுத்துக்குத்தான் செவிகொடுப்பார். ஆகையால் அந்த மீதிச் சரித்திரத்தை அவர் பெயருக்கே, ஆகாய விமானத் தபாலில், தாமதமின்றி அனுப்பு.

எழுதப் படிக்கத் தெரிந்த ஸ்திரீ என்று எனக்கும் ஓட்டுரிமை வந்திருப்பதால், முதல் கற்பூரத்தை நானே அணைக்க வேண்டுமாம்; எஜமானியே செய்தபின் மாசாணம் மறுக்கமாட்டானாம். என் ஓட்டு உன் தகப்பனாருக்குத்தான், அதில் சந்தேகமில்லை. ஆயினும் அந்தக் கற்பூரத்தின்மேல் நான் கை வைக்கமாட்டேன். இதை அவரிடம் சொல்லும் தைரியம் இன்னும் வரவில்லை. உன் கடிதம் முந்திக்கொண்டால் சொல்ல வேண்டிய அவசியமே இராது.

கம்பளிச் சட்டையில்லாமல் வெளியே போகாதே. மாரியம்மன் உன்னைக் காப்பாளாக. கடைசி வெள்ளியை மறவாதே.

உன் நலமே நினைந்திருக்கும் தாய்,
மயிலாத்தாள்